ஆனந்த் பட்வர்தனின் ஆவணப்படப் பயணமும் பழவேற்காட்டுப் ‘பாடு’ முறையும்: நெய்தல் நோக்கில் ஓர் ஆய்வு

ஆய்வுச் சுருக்கம்

சமூகச் சிக்கல்களை முன்வைக்கும் இந்திய ஆவணப்பட இயக்குநர்களுள் ஆனந்த் பட்வர்தன் முதன்மையானவர். அவர் 1998இல் மீனவர் போராட்டத்தை மையமாகக் கொண்டு எடுத்த படத்தையும், 2011இல் வெளியிட்ட ‘ஜெய் பீம் காம்ரேட்’ படத்தையும் இக்கட்டுரை ஒப்புநோக்குகிறது. முதற்படம் மீனவர் அனைவரையும் ஓரணியாகக் காட்டுகிறது. பிந்தைய படம் போராடும் மக்களுக்குள் இருக்கும் பிளவுகளையும் பதிவு செய்கிறது. இவ்விரு அணுகுமுறைகளுள் எது கடலோர வாழ்வின் முழுமையைக் காட்டவல்லது என்னும் வினா பழவேற்காட்டு ஏரி மீனவர் குப்பங்களின் ‘பாடு’ முறையைக் கொண்டு ஆராயப்படுகிறது.

திறவுச்சொற்கள்: ஆவணப்படம், ஆனந்த் பட்வர்தன், பழவேற்காடு, பாடு, நெய்தல், இறால் பண்ணை, மீனவர் இயக்கம்.

முன்னுரை

நெய்தல் நிலத்திற்கு இரங்கலை உரிப்பொருளாக வகுத்தது தமிழ் இலக்கண மரபு. அவ்விரங்கல் தலைவியின் அகவுணர்வு சார்ந்தது. இக்காலத்தில் கடற்கரை பற்றி எழுதப்படும் செய்திகளிலும் எடுக்கப்படும் படங்களிலும் இரங்கல் வேறு வடிவில் தொடர்கிறது. ஆழிப்பேரலை, புயல், படகு மூழ்கல், துப்பாக்கிச் சூடு என ஏதேனும் ஒரு பேரிடர் நிகழ்ந்த பின்னரே படக்கருவி கரைக்கு வருகிறது. அழுகுரலைப் பதிவு செய்து திரும்புகிறது. மீனவர் வாழ்வு துயரின் பெயராகவே வெளியுலகிற்கு அறிமுகமாகிறது.

இவ்வழக்கிலிருந்து விலகி, மீனவரைத் துயருறுவோராக அன்றி அமைப்பாகத் திரண்டு போராடுவோராகக் காட்டிய படங்களுள் பட்வர்தனின் ‘ஃபிஷிங்: இன் தி சீ ஆஃப் கிரீட்’ (1998) குறிப்பிடத்தக்கது. ‘பேராசைக் கடலில் மீன்பிடிப்பு’ என்பது அத்தலைப்பின் பொருள். இது பழவேற்காட்டைப் பற்றிய தனிப்படம் அன்று. ஆயினும் இப்படம் பேசும் இறால் பண்ணை எதிர்ப்பே, பழவேற்காட்டு ஏரியைப் பெயர் சுட்டிப் பாதுகாத்த உச்சநீதிமன்றத் தீர்ப்புக்கும் பின்புலமாக நின்றது. ஒரே போராட்டக் காலத்தின் இருவேறு ஆவணங்களாக இப்படமும் அத்தீர்ப்பும் அமைகின்றன. அவ்வகையில் பட்வர்தனின் படைப்பு வாழ்வைப் பழவேற்காட்டின் கரையில் வைத்து நோக்குதல் பொருத்தமுடையதாகும்.

1. பட்வர்தன்: வாழ்வும் படவரிசையும்

ஆனந்த் பட்வர்தன் 1950இல் மும்பையில் பிறந்தவர். மும்பைப் பல்கலைக்கழகத்தில் இளங்கலைப் பட்டம் பெற்றபின் அமெரிக்காவின் பிராண்டைஸ் பல்கலைக்கழகத்தில் சமூகவியல் பயின்றார். நாடு திரும்பி மத்தியப் பிரதேசத்தில் ‘கிஷோர் பாரதி’ என்னும் ஊரகக் கல்வி, வளர்ச்சிப் பணியில் ஈடுபட்டார். செயப்பிரகாசு நாராயணன் வழிநடத்திய பீகார் இயக்கத்தைப் பதிவு செய்ததிலிருந்து அவரது ஆவணப்பட வாழ்வு தொடங்குகிறது. ‘கிராந்தி கி தரங்கேன்’ (புரட்சியின் அலைகள்) என்னும் அப்படம் நெருக்கடிநிலைக் காலத்தில் மறைவாகவே திரையிடப்பட்டது. பின்னர்க் கனடாவின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் முதுகலைப் பட்டம் பெற்றார்.

அவருடைய படவரிசையை நான்கு பொருட்களாகப் பகுக்கலாம். அரசியல் கைதிகள் பற்றிய ‘பிரிசனர்ஸ் ஆஃப் கான்சயன்ஸ்’ (1978) குடியுரிமை சார்ந்தது. மும்பை நடைபாதைவாசிகளையும் குடிசைவாழ் மக்களையும் பற்றிய ‘பாம்பே: அவர் சிட்டி’ (1985), நருமதை அணையால் இடம்பெயர்ந்தோர் பற்றிய ‘எ நர்மதா டைரி’ (1995), மேற்சுட்டிய மீனவர் படம் ஆகியன வாழ்விட, வாழ்வாதார உரிமை சார்ந்தவை. ‘ராம் கே நாம்’ (1992) முதலியன மதவெறியை எதிர்ப்பவை. ‘ஜெய் பீம் காம்ரேட்’ (2011) சாதியை மையமாகக் கொண்டது. ‘வார் அண்ட் பீஸ்’ (2002), ‘விவேக்’ (2018) ஆகியன இவற்றுள் பலவற்றை இணைத்துப் பேசுகின்றன. ‘விவேக்’ 2018இல் ஆம்ஸ்டர்டாம் பன்னாட்டு ஆவணப்பட விழாவில் சிறந்த முழுநீள ஆவணப்படத்திற்கான விருதைப் பெற்றது.

இவ்வாழ்வின் பெரும்பகுதி நீதிமன்றங்களில் கழிந்தது. ‘வார் அண்ட் பீஸ்’ படத்தில் தணிக்கை வாரியம் கோரிய வெட்டுகளை மும்பை உயர்நீதிமன்றம் 2003இல் ஏற்க மறுத்தது. ‘ஃபாதர், சன் அண்ட் ஹோலி வார்’ படத்தைத் தூர்தர்ஷன் ஒளிபரப்ப வேண்டுமென்று உச்சநீதிமன்றம் 2006இல் தீர்ப்பளித்தது. மும்பைப் பன்னாட்டுத் திரைப்பட விழாவில் இந்தியப் படங்களுக்கு மட்டும் தணிக்கைச் சான்று கோரப்பட்டதை எதிர்த்து உருவான ‘விகல்ப்’ (2004) என்னும் மாற்றுத் திரையிடலிலும் அவருக்குப் பங்குண்டு. படத்தை எடுத்து முடித்தலோடு இயக்குநரின் பணி நிறைவடைவதில்லை. அதனை மக்களிடம் கொண்டு சேர்த்தலும் படைப்பின் ஒரு கூறு என்பதை இவ்வழக்குகள் உணர்த்துகின்றன.

2. மீனவர் இயக்கமும் 1998ஆம் ஆண்டுப் படமும்

1991இல் நடுவண் அரசு வகுத்த ஆழ்கடல் மீன்பிடிக் கொள்கை, அயல்நாட்டு நிறுவனங்களின் கூட்டு முயற்சிக் கப்பல்களுக்கு இந்தியக் கடலைத் திறந்துவிட்டது. தேசிய மீன்பணியாளர் பேரவை இதனை எதிர்த்து நாடு தழுவிய வேலைநிறுத்தங்களை 1994இல் நடத்தியது. அதன் தலைவர்களுள் ஒருவரான தாமஸ் கோச்சேரி 1995இல் உண்ணாநோன்பு மேற்கொண்டார். இதன் விளைவாக முராரி தலைமையில் குழு அமைக்கப்பட்டது. புதிய உரிமங்களை நிறுத்தவும், ஏற்கெனவே வழங்கியவற்றை நீக்கவும் அக்குழு 1996இல் பரிந்துரைத்தது. 1997இல் உலக மீனவர் அமைப்புகளின் மாநாடு புதுதில்லியில் கூடியது.

பட்வர்தனின் படம் இவ்வியக்கத்தின் உடனிகழ்வாக உருவானது. ஏறத்தாழ முக்கால் மணிநேரம் ஓடும் இப்படம் இரு எதிரிகளை இனங்காட்டுகிறது. ஒன்று, கடலை வாரி எடுக்கும் தொழிற்கூடக் கப்பல். மற்றொன்று, கரையில் உவர்நீரைத் தேக்கும் இறால் பண்ணை. படம் இந்தியாவோடு நில்லாமல் வங்கதேசத்திற்கும் செல்கிறது. நாட்டெல்லை கடந்தும் சிக்கல் ஒன்றே என்பது இப்பயணத்தின் உட்கருத்தாகும்.

முதல், கரு, உரி என்னும் திணைக் கட்டமைப்பைப் படத்தோடு பொருத்தின் ஓருண்மை புலனாகிறது. கடலும் கரையும் முதற்பொருளாக உள்ளன. மீன், வலை, படகு, மீனவர் ஆகிய கருப்பொருட்களும் உள்ளன. ஆனால் உரிப்பொருள் இரங்கல் அன்று. திரளுதல் இரங்கலின் இடத்தைப் பெறுகிறது. துயரத்திற்குக் காரணமானோரைப் பெயர் சுட்டிக் கூறுதலும், அதனை எதிர்ப்போர் ஒன்றுகூடுதலும் படத்தின் நடையாகின்றன. இதுவே இப்படத்தின் வலிமை. எனினும், எதிரியை ஒன்றாகக் காட்டும்போது எதிர்ப்போரையும் ஒன்றாகக் காட்ட வேண்டிய கட்டாயம் எழுகிறது. பரப்புரைப் படத்தின் இலக்கு விரைந்த விளைவு ஆதலின், உள்வேறுபாடுகளுக்கு அதில் இடம் குறைகிறது.

3. பழவேற்காடு: தீர்ப்பில் இடம்பெற்ற ஏரி

பழவேற்காடு, சிலிக்காவிற்கு அடுத்த நிலையில் இந்தியாவின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரியாகும். இதன் பெரும்பகுதி ஆந்திரப் பிரதேசத்திலும், தென்பகுதி தமிழ்நாட்டின் திருவள்ளூர் மாவட்டத்திலும் உள்ளன. ஸ்ரீஹரிகோட்டாத் தீவு ஏரியை வங்கக் கடலினின்று பிரிக்கிறது. ஆரணி ஆறு தெற்கிலும், காளங்கி முதலிய ஆறுகள் வடக்கிலும் நன்னீரைக் கொணர்கின்றன. 1613இல் கெல்திரியாக் கோட்டையைக் கட்டிய ஒல்லாந்தர் சோழமண்டலக் கடற்கரையின் தலைமையிடமாக இவ்வூரை நெடுங்காலம் கொண்டிருந்தனர். இன்று ஏரியை நம்பிக் கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடுக்குப்பம் முதலிய பல குப்பங்கள் வாழ்கின்றன.

ஏரியின் உயிர்நாடி முகத்துவாரம். கடலில் பிறந்த இறாற்குஞ்சுகள் இதன்வழியே ஏரிக்குள் புகுந்து வளர்கின்றன. வளர்ந்தபின் இதன்வழியே கடலுக்குத் திரும்புகின்றன. கோடையில் ஆற்று வரவு குறைந்து மணல் சேரும்போது முகத்துவாரம் தூர்ந்துபோகிறது. நீரோட்டம் தடைப்படுகிறது. நீரின் உவர்ப்பு மாறுகிறது. மீன்வரத்தும் நின்றுபோகிறது. முகத்துவாரத்தை நிலையாகத் திறந்து வைத்தல் இக்குப்பங்களின் நெடுநாள் கோரிக்கையாக இருந்துவருகிறது.

1990களில் சோழமண்டலக் கடற்கரை நெடுகிலும் இறால் பண்ணைகள் பெருகின. விளைநிலம் உவராதலும் குடிநீர் கெடுதலும் நிகழ்ந்தன. தஞ்சைப் பகுதியில் நில உரிமைக்காகப் பாடுபட்ட சர்வோதயத் தலைவர் ச. ஜெகந்நாதன் 1994இல் உச்சநீதிமன்றத்தை அணுகினார். நீதிபதிகள் குல்தீப் சிங், சாகிர் அகமது ஆகியோர் 1996 திசம்பர் 11 அன்று தீர்ப்பு வழங்கினர். கடற்கரை ஒழுங்குமுறை மண்டலத்திற்குள் மரபுவழிப்பட்டவை நீங்கலான இறால் பண்ணைகளை அகற்ற வேண்டும் என்றும், மாசுபடுத்தியோர் இழப்பீடு வழங்க வேண்டும் என்றும் அத்தீர்ப்பு கூறியது. சிலிக்கா, பழவேற்காடு ஆகிய இரு ஏரிகளைப் பெயர் குறிப்பிட்டு, அவற்றிலிருந்து 1,000 மீட்டருக்குள் இறால் குளங்கள் அமைத்தலைத் தடைசெய்தது.

ஆயினும் தீர்ப்பு களத்தில் முழுமையாக நிலைபெறவில்லை. நாடாளுமன்றம் 2005இல் இயற்றிய கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம், பண்ணைகளைப் பதிவு செய்து முறைப்படுத்தும் வழியைத் தேர்ந்தது. இதற்கிடையே ஏரியின் தெற்கே புதிய நெருக்கடிகள் தோன்றின. 2001இல் எண்ணூர்த் துறைமுகம் இயங்கத் தொடங்கியது. அதனையடுத்துக் காட்டுப்பள்ளித் துறைமுகம் உருவானது. 330 ஏக்கர் அளவிலிருந்த அத்துறைமுகத்தை 6,000 ஏக்கருக்கும் மேலாக விரிவாக்கும் திட்டத்தைப் பழவேற்காட்டு மீனவர்கள் எதிர்த்தனர். 2021 சனவரியில் நடைபெறவிருந்த பொதுமக்கள் கருத்துக்கேட்புக் கூட்டம் ஒத்திவைக்கப்பட்டது. 1998ஆம் ஆண்டுப் படம் காட்டிய மோதல் இங்கு வேறு பெயர்களோடு தொடர்வதை இந்நிகழ்வுகள் காட்டுகின்றன.

4. பாடு: உள்வேறுபாட்டை உணர்த்தும் சொல்

வெளியிலிருந்து வரும் நெருக்கடியை மட்டும் கொண்டு பழவேற்காட்டைப் புரிந்துகொள்ள இயலாது. ஏரிக்குள் நிலவும் உரிமைமுறையும் அறியப்பட வேண்டும். அதன் பெயர் ‘பாடு’.

‘படு’ என்னும் வினையடி நீண்டு ‘பாடு’ என முதனிலை திரிந்த தொழிற்பெயராகிறது. உழைப்பு, துன்பம், நிலை, கிடைப்பு எனப் பல பொருள்களை இச்சொல் தாங்குகிறது. வலையில் அகப்படும் மீனின் அளவை ‘மீன்பாடு’ என்பது கடற்கரை வழக்கு. நெய்தலுக்குரிய சிறுபொழுதாகிய ‘எற்பாடு’ என்பதிலும் இச்சொல்லே உள்ளது. பழவேற்காட்டு வழக்கில் ‘பாடு’ என்பது மீன்பிடிக்கும் இடத்தையும் அவ்விடத்தில் வலையிடும் முறையுரிமையையும் ஒருங்கே குறிக்கிறது. உழைப்பும் உரிமையும் ஒரே சொல்லில் அடங்கியிருத்தல் கருதத்தக்கது.

முகத்துவாரத்தை ஒட்டிய பகுதிகளே இறால் மிகுதியாகக் கிடைக்கும் இடங்கள். அவ்விடங்களில் யார், எந்நாளில் வலையிடுவது என்பதைக் குப்பங்கள் முறைவைத்தும் குலுக்கல் மூலமும் முடிவு செய்கின்றன. நல்ல இடம் ஒருவருக்கே நிலைத்துவிடாமல் சுழன்று வருகிறது. வலிமையுடையோர் அனைத்தையும் கைப்பற்றுதலை இது தடுக்கிறது, மோதலைத் தவிர்க்கிறது, ஒரே இடத்தில் வலைகள் குவிதலைக் கட்டுப்படுத்துகிறது. அரசின் ஆணை ஏதுமின்றி மக்கள் தாமே வகுத்துக்கொண்ட பொதுவள மேலாண்மைக்கு இது சிறந்த சான்றாகப் போற்றப்படுகிறது.

எனினும் இம்முறைக்கு மற்றொரு முகமும் உண்டு. பாட்டுரிமை பட்டினவர் சமூகத்தின் குறிப்பிட்ட குப்பங்களைச் சேர்ந்த ஆண்களுக்கே வழிவழியாக உரியது. ஏனைய மீனவர் சிறந்த இடங்களுக்கு வெளியே நிறுத்தப்படுகின்றனர். இப்பகுதியின் நீர்நிலைகளில் இடுப்பளவு நீரில் அமர்ந்தும் நகர்ந்தும் கையால் இறால் தடவிப் பிடித்து, வாயால் கவ்விய பறியில் இடும் இருளர் மக்களுக்கு அம்முறையில் இடமில்லை. மீனை விற்று வீட்டை நடத்தும் பெண்களுக்கும் தம் பெயரில் உரிமையில்லை. பழவேற்காட்டு ஏரியில் களஆய்வு நிகழ்த்திய சாரா கூல்தார்டு, சூழல் மாற்றங்களை எதிர்கொள்வதில் பாட்டுரிமை பெற்றோரும் பெறாதோரும் வேறுபட்ட நிலையில் இருப்பதைத் தம் 2008ஆம் ஆண்டுக் கட்டுரையில் ஆராய்ந்துள்ளார்.

முகத்துவாரம் தூர்ந்துபோனால் இழப்பு அனைவர்க்கும் பொது. திறந்திருக்கும்போது கிடைக்கும் பயனோ அனைவர்க்கும் பொதுவன்று. பழவேற்காட்டின் சிக்கலை இந்த ஏற்றத்தாழ்விலிருந்தே அணுக வேண்டியுள்ளது. துறைமுக எதிர்ப்புப் போராட்டத்தில் ஒரே கூட்டமாக நிற்போர், மறுநாள் விடியலில் ஒரே ஏரியில் வெவ்வேறு உரிமையோடு இறங்குகின்றனர். பரப்புரை ஆவணப்படம் முதற்காட்சியைப் பதிவு செய்யும். இரண்டாம் காட்சியைப் பதிவு செய்ய வேறு முறை வேண்டும்.

5. மீள்வருகை: ‘ஜெய் பீம் காம்ரேட்’ காட்டும் வழி

அம்முறைக்கான முன்மாதிரி பட்வர்தனின் பிந்தைய படைப்பிலேயே கிடைக்கிறது. 1997 சூலை 11 அன்று மும்பை ராமாபாய் நகரில், அம்பேத்கர் சிலை அவமதிக்கப்பட்டதை எதிர்த்துத் திரண்ட தலித் மக்கள்மீது காவல்துறை சுட்டதில் பத்துப் பேர் இறந்தனர். அத்துயரம் தாளாது பாடகர் விலாஸ் கோக்ரே தம்மை மாய்த்துக்கொண்டார். ‘பாம்பே: அவர் சிட்டி’ படத்தில் பாடியவர் அவர். அவரது மறைவே பட்வர்தனை அப்பகுதிக்கு மீண்டும் அழைத்துச் சென்றது. ஏறத்தாழ 14 ஆண்டுகள் தொடர்ந்து பதிவு செய்து ‘ஜெய் பீம் காம்ரேட்’ படத்தை நிறைவு செய்தார்.

இப்படம் ஆதிக்கச் சாதியையும் அரசையும் மட்டும் வினவவில்லை. சாதியை உரியவாறு எதிர்கொள்ளத் தவறிய இடதுசாரி இயக்கத்தையும் வினவுகிறது. இடதுசாரிப் பாடகராக வாழ்ந்த கோக்ரே, இறக்கும் தறுவாயில் தலையில் நீலத்துணி கட்டியிருந்தார் என்பது படம் எழுப்பும் வினாவின் தொடக்கப் புள்ளியாகும். தோழமைக்குள் இருக்கும் வேறுபாட்டைப் பேசுதல் தோழமையை முறிப்பதாகாது. அதனை உறுதிப்படுத்தும் முயற்சியே என்னும் கருத்து இங்கு மேலோங்குகிறது.

இவ்விரு படங்களையும் இணைத்து நோக்கின் பட்வர்தனின் படைப்பு வாழ்வில் இருவகைக் காலங்கள் செயற்படுதலை உணரலாம். ஒன்று போராட்டக் காலம். மற்றொன்று மீள்வருகைக் காலம். 1998ஆம் ஆண்டுப் படம் முன்னதைச் சார்ந்தது. நடப்பில் இருந்த ஒரு போராட்டத்திற்குத் துணைநிற்றல் அதன் கடமை. அக்கடமையை அது நிறைவேற்றியது. ஒரு படைப்பாளியின் முந்தைய படத்தில் இல்லாததைக் குறையாகச் சுட்டுவதினும், அவர்தம் பிந்தைய படத்தில் கண்டடைந்ததை முந்தைய களத்தில் பொருத்திக் காணுதலே பயன் தரும். பழவேற்காட்டின் ஏரிக்குப் போராட்டக் காலம் மட்டும் போதாது. முகத்துவாரம் மூடித் திறக்கும் ஆண்டுச் சுழற்சியும், பாடு மாறிவரும் நாட்சுழற்சியும் பதிவாக வேண்டுமெனில் படக்கருவி மீண்டும் மீண்டும் கரைக்கு வர வேண்டும்.

6. தமிழ் ஆவணப்படச் சூழல்

தமிழ் ஆவணப்படங்களுள் கடற்கரை பல கோணங்களில் இடம்பெற்றுள்ளது. ஆர்.வி. ரமணியின் ‘மை கேமரா அண்ட் சுனாமி’ (2011), ஆழிப்பேரலையில் சிக்கி அழிந்த தம் படக்கருவியை நினைவுகூர்ந்து, பேரிடரைப் பதிவு செய்தல் என்னும் செயலையே வினவுகிறது. ஆர்.பி. அமுதனின் கதிர்வீச்சுப் படவரிசை மணவாளக்குறிச்சி, கல்பாக்கம் ஆகிய கடலோர ஊர்களைத் தொடர்ச்சியாக நோக்குகிறது. லீனா மணிமேகலையின் ‘தேவதைகள்’ (2008) சித்திரிக்கும் மூன்று பெண்களுள் ஒருவர் கடலில் மீன்பிடிப்பவர். ஒக்கிப் புயலுக்குப்பின் திவ்யபாரதி எடுத்த ‘ஒருத்தரும் வரல’ (2018) அரசின் புறக்கணிப்பைக் குமரி மீனவர் குரலில் முன்வைக்கிறது.

இவற்றுள் ‘தேவதைகள்’ கவனத்திற்குரிய வேறுபாட்டைக் காட்டுகிறது. சமூகத்தை மொத்தமாகக் காட்டாமல், அதன் வழக்கங்கள் இடம் மறுத்த ஒரு பெண்ணின் அன்றாடத்திலிருந்து கடலை அணுகுகிறது. அமுதனின் தொடர்வரிசை முறை ஒரே சிக்கலுக்குப் பல ஊர்களில் திரும்பி வருகிறது. இவ்விரு கூறுகளும், அதாவது உள்ளிருக்கும் விளிம்பிலிருந்து நோக்குதலும் மீண்டும் வருதலும், ‘ஜெய் பீம் காம்ரேட்’ படத்தில் ஒருங்கிணைந்தவையே. பழவேற்காட்டைப் படமாக்க முனையும் தமிழ் இயக்குநருக்கு வேண்டிய முறைமை தமிழ்ச் சூழலிலேயே உருவாகி வந்துள்ளமை இதனால் புலனாகும்.

முடிவுரை

மேற்கண்ட ஆய்வின்வழிப் பின்வரும் கருத்துகள் பெறப்படுகின்றன.

பட்வர்தனின் 1998ஆம் ஆண்டுப் படம் நெய்தலின் உரிப்பொருளை இரங்கலிலிருந்து திரளுதலுக்கு நகர்த்தியது. 1996ஆம் ஆண்டுத் தீர்ப்புப் பழவேற்காட்டைப் பெயர் சுட்டிக் காத்தமைக்கு இறால் பண்ணைகளுக்கு எதிரான இத்திரட்சியே பின்புலம்.

அதே வேளையில், எதிரிக்கு எதிரான திரட்சியை மட்டும் காட்டும் ஆவணப்படம் ஏரிக்குள் நிலவும் பாட்டுரிமையின் ஏற்றத்தாழ்வைக் காணத் தவறக்கூடும். பாடு முறையை அழகிய மரபாக மட்டும் போற்றுதலும், ஒதுக்கும் முறையாக மட்டும் பழித்தலும் முழுமையாகா. அது பங்கிடும் முறையாகவும் விலக்கும் முறையாகவும் ஒருசேர இயங்குகிறது.

‘ஜெய் பீம் காம்ரேட்’ காட்டும் மீள்வருகை முறை இவ்விரட்டை நிலையைப் பதிவு செய்வதற்கு ஏற்றது. துறைமுக விரிவாக்கம் தடுக்கப்பட்டு, முகத்துவாரம் நிலையாகத் திறக்கப்பட்டபின் பெருகும் இறாலில் இருளருக்கும் பெண்களுக்கும் பாட்டுரிமை பெறாத குப்பங்களுக்கும் உரிய பங்கு யாது என்னும் வினா அப்போதும் எஞ்சி நிற்கும். அவ்வினாவைப் போராட்டம் ஓய்ந்த நாளிலும் கேட்கும் ஆவணப்படமே பழவேற்காட்டின் பாட்டை, அச்சொல்லின் இருபொருளிலும், உரைக்க வல்லதாகும்.